முனியாண்டியின் வாசலில் நின்று பார்த்தால்

மூணாறுக்கு அருகே மாட்டுப்பெட்டி என்னும் இடத்திலுள்ள கால்நடைப் பண்ணையில் மாடுகளைப் பராமரித்துக் காலந்தள்ளும் முனியாண்டி என்ற தமிழ்க் கூலியாள், தன் சொந்த ஊருக்குப் போய்ச் சிவகாமி என்னும் பெண்ணை மணம் முடித்து, வெயிலையும் புழுதியையும் தவிர அதிகம் கண்டறியாத அவளை அந்தப் பசும்புல் மலைக்கும் மேகத்துக்கும் நடுவே கொண்டுவந்து குடிவைக்கிறான். பண்ணை அலுவலகத்தில் மேலதிகாரியாக இருக்கும் சங்கரன் படித்தவர், இங்கிதம் தெரிந்தவர், புகைப்படக் கலையில் ஈடுபாடுள்ளவர், கீழ்நிலை ஊழியனான முனியாண்டியிடம் அந்தஸ்து பாராமல் பழகுகிறவர். அந்தப் பெருந்தன்மை திறந்துவைத்த வழியிலேயே ஒரு நாள் துரோகமும் குடிசைக்குள் நுழைந்துவிடுகிறது. முனியாண்டி மாட்டுக்கொட்டிலில் தூக்கிட்டுக்கொள்கிறான். சங்கரன் ஊர் ஊராக ஓடுகிறார். சி. வி. ஸ்ரீராமனின் சிறுகதையை ஆதாரமாகக் கொண்டு ஜி. அரவிந்தன் இயக்கி, 1985-ஆம் ஆண்டின் மிகச் சிறந்த கதைப்படத்துக்கான தேசிய விருதைப் பெற்ற ‘சிதம்பரம்’ என்னும் மலையாளப் படத்தின் கதைச் சுருக்கம் ஏறக்குறைய இவ்வளவுதான்.

இப்படத்தைப் பற்றி எழுதியவர்களில் பெரும்பாலோர், குற்றவுணர்வினால் துரத்தப்பட்டு மதுவிலும் நடையிலும் தன்னைக் கரைத்துக்கொள்ளும் சங்கரனின் ஆத்ம விசாரத்தையே பிரதானமாகக் கொண்டு எழுதினார்கள். அது நியாயமும்கூட, ஏனெனில் படம் சங்கரனுடையது. ஆனால் காரிமங்கலத்திலிருந்தும் பாலக்கோட்டிலிருந்தும் அரூரிலிருந்தும் விடியற்காலைப் பேருந்துகள் பெங்களூருக்கும் ஓசூருக்கும் திருப்பூருக்கும் கட்டட வேலைக்கும் ஆலை வேலைக்கும் ஆட்களை ஏற்றிக்கொண்டு புறப்படுகிற, மழை பொய்த்த ஆண்டுகளில் தெருவுக்குச் சில வீடுகளாவது பூட்டிக் கிடக்கிற இந்தத் தருமபுரிச் சீமையில் அமர்ந்து அதே படத்தைப் பார்க்கிறவனுக்கு, சங்கரனின் தாடியும் தவிப்பும் இரண்டாம் பட்சமாகிவிடுகின்றன. அவன் கண் முனியாண்டியின் குடிசை வாசலிலேயே நின்றுவிடுகிறது. பிழைப்புக்காகப் பிற மொழி பேசும் ஊருக்குப் போய், மேலதிகாரி தோளில் கை வைத்ததைப் பாக்கியமாக எண்ணி மகிழ்ந்த ஒரு மனிதனை நமக்குத் தெரியும். அவனுடைய மனைவியையும் தெரியும். இப்படி நமக்கென்று நிற்க ஓர் இடத்தைப் படத்துக்குள்ளேயே விட்டுவைத்தவர் யார், அந்த இடத்தை அவர் எங்கே கற்றுக்கொண்டார் என்பதைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும்.

அரவிந்தன் 1935-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் கோட்டயத்தில் பிறந்தார். தந்தை எம். என். கோவிந்தன் நாயர் மலையாளத்தில் பெயர் பெற்ற நகைச்சுவை எழுத்தாளர். மகனோ ரப்பர் வாரியத்தில் உத்தியோகம் பார்த்தார். பல ஆண்டுகள் பார்த்தார். சினிமாப் பள்ளிக்கூடம் எதிலும் காலெடுத்து வைத்தவர் அல்லர். ரப்பர் மரங்களின் கணக்கு வழக்குக்கு நடுவே அவர் கை ஓயாமல் செய்துகொண்டிருந்த காரியம் படம் போடுவது; காது ஓயாமல் செய்துகொண்டிருந்த காரியம் ஹிந்துஸ்தானி சங்கீதம் கேட்பது. இவ்விரண்டையும் தவிர மூன்றாவதாக ஒரு திறமை அவரிடம் இருந்ததென்றால், அதிகம் பேசாமலிருப்பதுதான் என்று அவரை அறிந்தவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறோம்.

1961-ஆம் ஆண்டு தொடங்கி 1973 வரை ‘மாத்ருபூமி’ வாரப் பதிப்பில் ‘சிறிய மனிதர்களும் பெரிய உலகமும்’ என்ற பொருள்படும் தலைப்பில் அவர் தொடர்ச்சியாகச் சித்திரங்கள் வரைந்தார். அக்காலத்துப் பத்திரிகைக் கேலிச்சித்திரம் என்பது ஒரு மந்திரியின் மூக்கை நீட்டியோ தொப்பையைப் பெருக்கியோ அன்றைய செய்தியின்மேல் ஒரு குட்டு வைத்துவிட்டு மறுநாள் மறைந்துபோகும் விஷயமாக இருக்க, அரவிந்தனுடைய தொடரில் ராமு என்னும் வேலையற்ற இளைஞனும் அவனுக்கு அவ்வப்போது தத்துவம் சொல்லும் குருஜியும் வாசகனோடு சேர்ந்து ஆண்டுக்காண்டு வயது கூடிக்கொண்டே வந்தார்கள். ஆரம்பத்தில் ஆதர்சங்கள் நிறைந்த ராமு, வேலை கிடைத்து, பணம் வந்து, சமரசங்கள் செய்து, தன் பழைய முகத்தையே இழந்துவிடுகிறான். பதின்மூன்று ஆண்டுகள், வாரம் ஒரு பக்கம்: ஒரு மனிதன் சிறுகச் சிறுகக் கெட்டுப்போவதை இத்தனை பொறுமையோடு வேறெந்த இந்தியக் கேலிச்சித்திரக்காரரும் வரைந்ததாக எனக்குத் தோன்றவில்லை. இன்றைக்குச் சித்திர நாவல் என்று புத்தகக் கடைகளில் தனி அடுக்கு வைத்து விற்கிறார்களே, அதன் இலக்கணம் முழுவதும் அந்த வாரப் பக்கங்களில் இருக்கிறது.

அச்சித்திரங்களில் நாம் கவனிக்க வேண்டியது கோட்டைக் காட்டிலும் கோடு இல்லாத இடத்தை. ஒரு சாலை, ஓர் ஆள், மிச்சமெல்லாம் வெள்ளைக் காகிதம். தருமபுரி அகழ்வைப்பகத்தில் வரிசையாக நிறுத்தியிருக்கும் நடுகற்களைப் பார்த்தவர்களுக்கு இந்த முறை புதிதன்று. ஆநிரை மீட்கப் போய் மடிந்த வீரன் வில்லோடு நிற்பான். உடம்பில் அம்புகள் தைத்திருக்கும். காலருகே ஒரு மாடு, பக்கத்தில் ஒரு சிறு கெண்டி. சுற்றிலும் செதுக்காத கல். போர் எங்கே நடந்தது, எதிரி எவ்வளவு பேர், ஊர் அழுததா என்பவற்றையெல்லாம் அந்தச் சிற்பி சொல்ல முற்படுவதில்லை. மேலே வட்டெழுத்தில் நாலைந்து வரி இருந்தால் அரசன் பேரும் ஊர்ப் பேரும் தெரியும், இல்லாவிட்டாலும் குறைவில்லை. செதுக்காமல் விட்ட பகுதியில்தான் பார்க்கிறவன் போய் நிற்க முடியும் என்பதை அவன் அறிந்திருந்தான். கோட்டயத்துக்காரருக்கும் இந்த ஞானம் வாய்த்திருந்தது.

ஓவியர்கள் சினிமாப் பக்கம் எட்டிப் பார்த்தது நம் நாட்டில் அரவிந்தனோடு ஆரம்பிக்கவில்லை. எம். எஃப். ஹுசைன் 1967-இல் ராஜஸ்தானத்தில் எடுத்த ‘ஓர் ஓவியனின் கண்களினூடே’ என்னும் குறும்படம் பெர்லின் விழாவில் தங்கக் கரடி விருது பெற்றது. தையப் மேத்தா 1970-இல், பம்பாயில் இருந்துகொண்டே ‘கூடல்’ என்று தமிழ்ப் பெயர் வைத்து ஒரு படம் எடுத்தார். அக்பர் பதம்ஸீ அதே காலத்தில் வெறும் கோடுகளை மட்டுமே அசையவிட்டு, ஓசையே இல்லாத ‘ஸிஸிஜி’ என்னும் அனிமேஷன் படம் ஒன்றைச் செய்தார். அடுத்து அவர் எடுத்த படத்தின் ஒரே பிரதி தொலைந்தே போயிற்று. இம்மூவரும் ஒன்றிரண்டு பிரயோகங்களுக்குப் பிறகு தத்தம் கித்தானுக்குத் திரும்பிவிட்டார்கள். அரவிந்தன் திரும்பவில்லை. 1973-இல் தொடரை நிறுத்தியவர், மறு ஆண்டே கோழிக்கோட்டு நண்பர்களின் உற்சாகத்தில், எழுத்தாளர் பட்டத்துவிள கருணாகரன் பணம் போட, திக்கோடியனோடு அமர்ந்து எழுதி, ‘உத்தராயணம்’ படத்தை முடித்தார். அது நல்ல படம்; விருதும் பெற்றது; ஆயினும் அதில் ராமுவின் நிழலே அதிகம், காமிராவின் பிரத்தியேகமான பாஷை இன்னும் வந்து சேரவில்லை.

அந்தப் பாஷை வந்தது 1977-இல், ‘காஞ்சன சீதா’வில். அதற்குமுன் பணம் வந்த வழியைச் சொல்லிவிடுவது நல்லது, ஏனெனில் கலையைப் பற்றிப் பேசுகிறவர்கள் கணக்கைப் பற்றிப் பேசாமல் நழுவிவிடுவது நம்மிடையே ஒரு சம்பிரதாயமாகிவிட்டது. கொல்லத்தில் முந்திரிப் பருப்பு ஏற்றுமதி செய்துவந்த கே. ரவீந்திரநாதன் நாயர் என்னும் வணிகர், ‘ஜெனரல் பிக்சர்ஸ்’ என்னும் தம் நிறுவனத்தின் வழியாக, ‘காஞ்சன சீதா’, ‘தம்பு’, ‘கும்மாட்டி’, ‘எஸ்தப்பான்’, ‘போக்குவெயில்’ என்று அரவிந்தனுடைய ஐந்து படங்களுக்கு அடுத்தடுத்துப் பணம் கொடுத்தார். இவற்றில் எதுவும் கொட்டகைகளில் கூட்டம் சேர்க்கும் ஜாதிப் படமன்று என்பது முதல் படத்திலேயே விளங்கியிருக்கும். விளங்கிய பிறகும் நாலு படம் கொடுத்தவரை என்னவென்று புகழ்வது? ‘எலிப்பத்தாயம்’ போன்ற அடூர் கோபாலகிருஷ்ணன் படங்களுக்கும் அவரே தயாரிப்பாளர். தமிழ்நாட்டில் வசதி படைத்த ரசிகர்களுக்குக் குறைவில்லை. ஆனால் ஒரே கலைஞனின் மௌனத்துக்கு ஐந்து முறை முதல் போட்ட ஒருவரை இங்கே காட்ட என்னால் முடியவில்லை.

‘காஞ்சன சீதா’ சி. என். ஸ்ரீகண்டன் நாயரின் நாடகத்திலிருந்து எடுத்தது. உத்தர காண்டத்துக் கதை. அரவிந்தன் அதை ஆந்திரத்துக் காடுகளுக்குக் கொண்டுபோய், தங்களை இராமனுடைய வமிசத்தவர் என்று சொல்லிக்கொள்ளும் செஞ்சு பழங்குடியினரையே இராமனாகவும் இலக்குவனாகவும் நிறுத்தினார். கிரீடம் இல்லை, பட்டுப் பீதாம்பரம் இல்லை; கறுத்த, மெலிந்த, காட்டில் வளர்ந்த தேகங்கள். சீதையோ மனித உருவில் வருவதே இல்லை. இலைகள் அசைந்தால், ஆற்று நீர் சலசலத்தால், வெளிச்சம் மாறினால் அங்கே சீதை இருக்கிறாள் என்று நாமே உணர்ந்துகொள்ள வேண்டும். ரவிவர்மாவின் அச்சுப் படங்களைப் பூஜையறையில் வைத்து வளர்ந்தவர்கள் சிலர் இதைக் கண்டு முகம் சுளித்தார்கள். நாடு இரண்டாகப் பிரிந்து பேசியது. தேசிய அளவில் மிகச் சிறந்த இயக்குநர் விருது அவ்வாண்டு அரவிந்தனுக்கே கிடைத்தது.

முகம் சுளித்தவர்கள் எங்கள் பக்கத்துத் திரௌபதி அம்மன் கோயில் திருவிழாவுக்கு ஒரு முறை வந்திருந்தால் அவ்வளவு தூரம் கலங்கியிருக்க மாட்டார்கள். பகலெல்லாம் பாரதம் படிப்பதும் இரவெல்லாம் கூத்தாடுவதுமாக நாள் கணக்கில் நடக்கும் அவ்விழாவில், நேற்று வரைக்கும் கேழ்வரகுக் கொல்லையில் ஏர் ஓட்டியவன் புஜக்கட்டை கட்டிக்கொண்டு துரியோதனனாக வருகிறான். ஆண்பிள்ளை ஒருவன் பாஞ்சாலியாக நின்று சபதம் உரைக்கிறான். தபசு மரத்தில் ஏறும் அர்ச்சுனன் கையிலிருந்து விழும் பூவுக்கும் பழத்துக்கும் பிள்ளை வரம் வேண்டும் பெண்கள் மடியேந்தி நிற்கிறார்கள். அவன் யார் வீட்டுப் பிள்ளை என்பது அத்தனை பேருக்கும் தெரியும், தெரிந்தே ஏந்துகிறார்கள். உழவன் தெய்வமாவதற்கு உடுப்பும் மேனி நிறமும் இடைஞ்சலாக இருப்பதில்லை. காவாலம் நாராயணப் பணிக்கரின் ‘அவனவன் கடம்ப’ நாடகத்தை மரங்களின் நடுவே திறந்த வெளியில் மேடையேற்றிய அரவிந்தனுக்கும் இது தெரிந்திருந்தது. பண்டிதர்கள் புதுமை என்று சொன்னதைப் பாமரர்கள் பழக்கம் என்று சொல்லியிருப்பார்கள்.

அடுத்த ஆண்டு வந்த ‘தம்பு’ என்னைப் பொறுத்தவரை அவருடைய படைப்புகளுள் தலையாயது. பாரதப்புழைக் கரையில் உள்ள திருநாவாயா என்னும் ஊருக்கு ஒரு லாரியில் சர்க்கஸ் குழு ஒன்று வந்து இறங்குகிறது, கூடாரம் அடிக்கிறது, சில காட்சிகள் நடத்துகிறது, பிறகு கோயில் திருவிழா வந்து கூட்டத்தை இழுத்துக்கொண்டுவிட, கூடாரத்தைப் பிரித்துக்கொண்டு போய்விடுகிறது. ஊர் இளைஞன் ஒருவன் அந்த லாரியில் தொற்றிக்கொண்டு போகிறான். கருப்பு வெள்ளை. கதை என்று விரல் விட்டுச் சொல்ல வேறு ஒன்றும் கிடையாது. நடித்தவர்களில் நெடுமுடி வேணுவும் பரத் கோபியும் இருந்தாலும், பெரும்பாலோர் மெய்யான சர்க்கஸ்காரர்கள். அவர்கள் தங்கள் வாழ்க்கையைக் காமிராவை நேராகப் பார்த்து, அலங்காரம் இல்லாமல், இரண்டொரு வார்த்தைகளில் சொல்கிறார்கள்: எந்த வயதில் வந்தோம், எத்தனை ஆண்டுகள் ஆயின, இனி எங்கே போவது.

படத்தின் ஜீவன் பார்வையாளர்களின் முகங்களில் இருக்கிறது. அரவிந்தனும் ஒளிப்பதிவாளர் ஷாஜி என். கருணும் அவ்வூர் மக்களை மெய்யாகவே சர்க்கஸ் பார்க்க அழைத்து உட்காரவைத்தார்கள். பலருக்கு அதுவே முதல் அனுபவம். ஆட்டம் தொடங்கிய சிறிது நேரத்தில் விளக்குகளும் காமிராவும் இருப்பதையே அவர்கள் மறந்துவிட்டார்கள். அப்போது எடுத்தவை அம்முகங்கள். ஒரு கிழவி வாய் திறந்தபடி மேலே பார்க்கிறாள். ஒரு சிறுவன் பயந்து கண்ணை மூடி, மூடிய விரல்களுக்கு இடையே மறுபடி பார்க்கிறான். கம்பிமேல் நடக்கிறவளைக் காட்டிலும் அவளைப் பார்க்கிறவர்களை நீண்ட நேரம் பார்த்துக்கொண்டிருக்கிறது படம். நடிப்பு என்று நாம் வழக்கமாகச் சொல்லுகிற விவகாரம் அங்கே அற்றுப்போய், மனிதனுடைய வியப்பு மட்டும், கழுவிவைத்த வெண்கலப் பாத்திரம் மாதிரி, மங்காமல் எஞ்சி நிற்கிறது. சர்க்கஸ்காரர்களின் முதுமையையும் களைப்பையும் அதற்குமுன் நாம் பார்த்துவிட்டபடியால் அந்த வியப்பின்மேல் ஒரு துயரமும் படிகிறது.

1979-இல் வந்த ‘கும்மாட்டி’ சிறுவர் படம். வடமலபாரின் ஒரு கிராமத்துக்குப் பருவந்தோறும் பாடிக்கொண்டு வரும் கும்மாட்டி என்னும் முதியவன், பூச்சாண்டி என்று பெரியவர்கள் பயமுறுத்தியதற்கு மாறாகப் பிள்ளைகளோடு ஆடிப்பாடி, ஒரு நாள் விளையாட்டாக அவர்களையெல்லாம் மிருகங்களாக மாற்றிவிடுகிறான். மற்றவர்கள் திரும்ப மனித உரு அடைகையில், நாயாகிவிட்ட சிண்டன் மட்டும் அங்கே இல்லை, எங்கோ ஓடிவிட்டான். பட்டணத்தில் ஒரு பங்களாவில் சங்கிலியில் கட்டுண்டு கிடந்து, எப்படியோ வீடு வந்து சேர, பெற்றவள் அடையாளம் கண்டுகொள்கிறாள். கும்மாட்டி மறுமுறை வரும்வரை ஓராண்டு காத்திருக்க வேண்டும். வந்ததும் சிறுவனாக மாறிய சிண்டன் செய்யும் முதற் காரியம், வீட்டிலிருந்த கிளியின் கூண்டைத் திறந்துவிடுவது. அம்பலப்புழை ராவுண்ணி கும்மாட்டியாக வருகிறார், பாடல்கள் காவாலத்தினுடையவை, இசை எம். ஜி. ராதாகிருஷ்ணன்.

பென்னாகரத்தை அடுத்த ஒரு சிற்றூரில், ஆசிரியராக இருக்கும் நண்பர் ஒருவர் கோடை விடுமுறையில் இதைப் பள்ளிச் சுவரில் ஓட்டிக் காட்டினார். நானும் போயிருந்தேன். மலையாளம் ஒரு வார்த்தையும் தெரியாத பிள்ளைகள். நண்பர் இடையிடையே இரண்டொரு வாக்கியம் விளக்கினார், பிறகு அதையும் நிறுத்திவிட்டார். புல்வெளிக் காட்சிகள் நீண்டுகொண்டே போனபோது பின்வரிசைப் பெரியவர்கள் இரண்டு பேர் பீடி பிடிக்க எழுந்து போனார்கள், பிள்ளைகள் எழுந்திருக்கவில்லை. முடிந்ததும் ஒரு சிறுமி, “கூண்டுலயே இருந்த கிளி வெளிய போய்ப் பொழைச்சிக்குமா சார்?” என்று கேட்டாள். நண்பரிடம் பதில் இல்லை. விடுதலை என்று விமரிசகர்கள் எழுதி முடித்துவிட்ட இடத்தில், ஆடும் கோழியும் வளர்க்கிற வீட்டுப் பெண் பிழைப்பைப் பற்றி யோசித்தாள். அந்த யோசனைக்கும் படத்தில் இடம் இருந்தது.

‘எஸ்தப்பா’னைப் பற்றியும் ‘போக்குவெயி’லைப் பற்றியும் விஸ்தாரமாக எழுத இங்கே அவகாசமில்லை. முன்னதில் கடற்கரை ஊர் ஒன்றில் வாழ்ந்த ஒருவனைப் பற்றி ஆளுக்கொரு கதை சொல்கிறார்கள்; திருடன் என்கிறார் ஒருவர், அற்புதங்கள் செய்த மகான் என்கிறார் மற்றொருவர்; அவனாக நடித்த ராஜன் காக்கநாடன் ஓர் ஓவியர் என்பது பொருத்தமான தற்செயல். பின்னதில், ஹரிபிரசாத் சௌராசியாவின் குழலும் ராஜீவ் தாராநாத்தின் சரோடும் முதலில் அமைய, அந்த இசையின் ஆலாபனைக்கு ஏற்றாற்போல் காட்சிகள் கோக்கப்பட்டன. கவிஞர் பாலச்சந்திரன் சுள்ளிக்காடு நாயகனாக வந்தார். பிரயோகம் என்ற அளவில் துணிச்சலானது. ஆனால் அந்த இளைஞனின் சோகம் படம் முடிவதற்குள்ளாகவே நம்மைச் சோர்வடையச் செய்துவிடுகிறது என்பது என் அபிப்பிராயம்.

1986-இல் வந்த ‘ஒரிடத்து’ படத்தோடு எனக்கு ஒரு வழக்கே உண்டு. ஐம்பதுகளில் ஒரு மலையாளக் கிராமத்துக்கு மின்சாரம் வருகிறது. கம்பம் நடுகிறார்கள், கம்பி இழுக்கிறார்கள், அதோடு கூடவே பொறாமையும் வஞ்சகமும் மரணமும் வந்து சேர்கின்றன. காட்சிக்குக் காட்சி நகைச்சுவை ததும்புகிறது. பழைய கேலிச்சித்திரக்காரர் ஒவ்வொரு பாத்திரத்தையும் இரண்டு கோட்டில் பிடித்துவிடுகிறார். ஆனால் மின்சாரம் வராமலிருந்தால் நன்றாயிருந்திருக்கும் என்ற தொனியோடு அது முடிகிறதே, அதைச் சித்தேரியிலும் வத்தல்மலையிலும் போய்ச் சொல்ல முடியுமா? விளக்கும் சாலையும் மற்றவர்களுக்கு வந்து வெகுகாலம் கழித்து ஏறிய மலைகள் அவை. பிரசவ வேதனையில் துடித்த பெண்களைத் தூளி கட்டித் தோளில் சுமந்து இறங்கியவர்கள் இன்றும் அங்கே இருக்கிறார்கள். இயற்கையின்மேல் அரவிந்தனுக்கிருந்த பக்தி சில சமயங்களில் அதில் வாழ்கிறவர்களின் சிரமத்தை மறைத்துவிடுகிறது. இதைச் சொல்லாமல் அவரைப் புகழ்வது உபசாரமாகுமே தவிர விமரிசனமாகாது.

இந்தக் குறை ‘சிதம்பர’த்திலும் இருக்கிறதா என்ற கேள்வியோடுதான் அதை மறுபடி பார்த்தேன். முதல் பகுதி முழுவதும் பசுமை, பனி, மாடுகள், பூந்தோட்டம். ஸ்மிதா பாட்டீல் ஏற்ற சிவகாமி, அந்தப் பூக்களின் நடுவே தயங்கித் தயங்கி நடக்கிறாள். அவளுக்குப் பேச்சு மிகக் குறைவு. தன் ஊரைப் பற்றி அவள் சொல்லும்போது பண்ணையின் ஈரமே ஒரு வினோதம்போல் நமக்குப் படுகிறது. வறண்ட பூமியிலிருந்து போனவளின் கண்தான் அந்த மலையை அழகாக்குகிறது என்று எனக்குத் தோன்றியது, மலையில் பிறந்தவர்களுக்கு அது வேலை செய்யும் இடம் மட்டுமே. ஸ்ரீனிவாசன் ஏற்ற முனியாண்டி ஒடுங்கிய உடம்பும் பணிந்த தோளுமாக இருக்கிறான். உயர்ந்தவர்கள் அழைத்த இடத்தில் கூச்சத்தோடு நிற்பதையும், புதுப் பெண்டாட்டியைக் கூட்டிவந்த பெருமையை மறைக்கத் தெரியாமல் விழிப்பதையும், இரவுப் பணிக்குப் போகச் சொன்னபோது மறுக்க வார்த்தை கிடைக்காமல் திணறுவதையும் அவர் செய்திருக்கும் விதம், நம் ஊர்ப் பேருந்து நிலையத்தில் தகரப் பெட்டியோடு நிற்கும் எத்தனையோ பேரை நினைவூட்டும். வேற்றூரில் மனைவியைத் தனியே விட்டு இரவு வேலைக்குப் போகிறவனின் கலக்கத்துக்கு விளக்கம் வேண்டியதில்லை.

ஆனால் முனியாண்டி மனத்தில் என்ன ஓடியது என்று படம் ஒருபோதும் உள்ளே போய்ப் பார்ப்பதில்லை. அவன் சாகிறான்; காமிரா சங்கரனோடு போய்விடுகிறது. செய்த பாவத்துக்கு வருந்த அவகாசமும், வருத்தத்தோடு யாத்திரை போக வசதியும், வைத்தியரிடம் மனத்தைத் திறந்து பேசப் பாஷையும் சங்கரனுக்கு இருக்கின்றன. இது அநீதி என்று கோபப்பட்டேன். பிறகு படத்தின் இறுதிக்கு வந்தபோது அந்தக் கோபம் வேறு விதமாயிற்று. தில்லை நடராஜர் ஆலயத்தில் தரிசனம் முடித்து வெளியே வரும் சங்கரன், செருப்புக் காக்கும் பெண்ணிடம் காசு நீட்டக் குனிகிறார்; நிமிர்ந்து பார்க்கும் அவள் சிவகாமி. அவளுக்கு அங்கே வசனம் கிடையாது. காமிரா கோபுரத்தின்மேல் ஏறத் தொடங்கி ஆகாயத்துக்குப் போய்விடுகிறது. அந்த ஏற்றத்தை ஆன்ம விடுதலை என்று சொன்னவர்கள் பலர். கீழே உட்கார்ந்திருக்கிறவள் மேலே போகவில்லை. அவள் அடுத்த பக்தரின் செருப்பை வாங்கி வைக்க வேண்டும். பரிகாரம் தேடி வந்தவருக்கு ஆலயம் அளித்தது தரிசனத்தையா, தண்டனையையா என்று அரவிந்தன் சொல்லாமல் விட்டார். ஒரு வார்த்தை சொல்லியிருந்தாலும் சங்கரனின் பக்கம் சாய்ந்திருக்கும். சொல்லாததால் சிவகாமியின் பக்கமும் சிலர் உட்கார முடிகிறது.

தமிழிலேயே இப்படி ஒரு முயற்சி இல்லாமலில்லை. ‘சிதம்பர’த்துக்கு எட்டாண்டுகள் முன்பே, வெங்கட் சாமிநாதன் எழுத, ஜான் ஆபிரகாம் என்னும் மலையாளி இயக்கிய ‘அக்ரஹாரத்தில் கழுதை’ வந்து தேசிய விருதும் பெற்றது. அதைத் தமிழ்நாடு எவ்வளவு கொண்டாடியது என்பதைப் பற்றி இங்கே பேசாமலிருப்பதே கௌரவம். ஜான் பின்னாளில் கேரளம் சென்று, நண்பர்களோடு ‘ஒடேஸா’ என்னும் இயக்கம் கண்டு, ஊர் ஊராக மக்களிடம் காசு திரட்டி ‘அம்ம அறியான்’ எடுத்தார். ஒருவருக்கு முந்திரி வியாபாரி கிடைத்தார். மற்றவருக்கு உண்டியல் கிடைத்தது.

அரவிந்தன் படங்களுக்கு நேர்ந்த கதியையும் சொல்ல வேண்டும். ‘கும்மாட்டி’, ‘தம்பு’ இவற்றின் மூல நெகடிவ்கள் அழிந்துபோயின. புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் எஞ்சியிருந்த பழைய பிரதிகளைக் கொண்டு, பம்பாயின் ஃபிலிம் ஹெரிட்டேஜ் பவுண்டேஷனும் இத்தாலியின் பொலோஞா திரைப்படக் காப்பகமும் மார்ட்டின் ஸ்கார்செஸி நிறுவிய பவுண்டேஷனும் கூடி, ‘கும்மாட்டி’யை 2021-இலும் ‘தம்பு’வை 2022-இலும் புதுப்பித்தார்கள், ‘தம்பு’ அவ்வாண்டு கான் விழாவில் திரையிடப்பட்டது. திருநாவாயாக் கிழவியின் முகம் நாற்பத்து நான்கு ஆண்டுகள் கழித்துப் பிரான்சுக்குப் போயிற்று. ‘தம்பு’வின் புதுப்பிப்பில் சென்னைப் பிரசாத் நிறுவனத்துக்கும் பங்குண்டு. தருமபுரியில் இன்று ஒருவன் கைப்பேசியிலேயே படம் எடுக்கிறான், அன்று மாலையே உலகத்துக்குக் காட்டியும் விடுகிறான். எடுத்ததை அடுத்த தலைமுறைக்கு எங்கே, எதில் வைத்துக் கொடுப்பது என்ற கேள்வி மட்டும் அன்றுபோலவே இன்றும் கிடக்கிறது.

1991 மார்ச் 15-ஆம் நாள் திருவனந்தபுரத்தில் அரவிந்தன் காலமானார், வயது ஐம்பத்தாறு. அவருடைய கடைசிப் படம் ‘வாஸ்துஹாரா’, அதுவும் ஸ்ரீராமனின் கதையே. அந்தமானில் குடியேற்றுவதற்காகக் கிழக்கு வங்காள அகதிகளைத் தேர்ந்தெடுக்கக் கல்கத்தா வரும் வேணு என்னும் அதிகாரியாக மோகன்லால் நடித்தார். ‘சிதம்பர’த்தின் சங்கரனைப் போல இவரும் படித்தவர், இரக்கம் உள்ளவர், எளியவர்களின் விதியைக் கையில் வைத்திருக்கும் உத்தியோகஸ்தர். ஆனால் இம்முறை, வீடிழந்தவர்கள் தங்கள் வாயாலேயே பேசுகிறார்கள். மலையாளத்திலும் வங்காளியிலும் ஆங்கிலத்திலுமாகப் பேசுகிறார்கள், கேட்கிறார்கள், கோபப்படுகிறார்கள். அதிகாரிதான் பெரும்பாலும் கேட்டுக்கொண்டு நிற்கிறார். மௌனத்தையே பாஷையாகக் கொண்டிருந்தவர் தம் கடைசிப் படத்தில் இவ்வளவு பேரைப் பேசவிட்டதைச் சில ரசிகர்கள் அவருடைய நடை தளர்ந்ததற்கு அறிகுறியாகக் கருதினார்கள். முனியாண்டியின் வாசலிலிருந்து பார்க்கிற நான் அப்படிக் கருதவில்லை. அதற்கு அடுத்த படத்தை அவர் எடுத்திருந்தால் முனியாண்டி பேசியிருப்பான் என்றே எண்ணுகிறேன்.